யாழ்ப்பாணம் தந்த தவில் மேதை

கோயில் வீதியிலே சுவாமி எழுந்தருளும்போது முன்னே செல்வது மேளம். அந்த மேளத்தில் முதலிற் காதைக் கவர்வது நாதசுரம். இராகத்தை விரித்துக் கீர்த்தனையைப் பாடி அடியார் மனத்தை உருக்குவது அதுவே. ஆகவே திருவிழா விளம்பரங்களில் நாதசுர வித்துவானின் பெயர் பெரிய எழுத்தில் முன்னே நிற்பதும், தவில் வாசிப்பவர் ‘குழுவினர்’ என்ற ஒரு சொல்லுக்குள் அடங்கிவிடுவதும் நெடுங்கால வழக்கமாக இருந்தன. வீட்டின் அழகைப் பார்ப்பவர் முகப்பைப் புகழ்வர். அத்திவாரத்தை நினைப்பவர் சிலரே. பக்கவாத்தியம் வாசிப்போரின் நிலையும் இதுவே.

இந்த வழக்கத்தைத் தம் இரண்டு கைகளால் மாற்றியவர் ஒருவர் யாழ்ப்பாணக் குடாநாட்டில் வாழ்ந்தார். 1933ஆம் ஆண்டு பிறந்து 1975ஆம் ஆண்டு மறைந்த தவில் வித்துவான் வி. தெட்சணாமூர்த்தி அவர்களே அவர். இரசிகர்கள் அவரை ‘லய ஞான குபேர பூபதி’ என்று போற்றினர். ஆயினும் அவர் தம் வாழ்நாள் முழுவதும் நாதசுரத்துக்குப் பக்கவாத்தியம் வாசித்தவராகவே இருந்தார். பிறர் இசையைத் தாங்கி நின்றுகொண்டே ஒருவர் தாமும் தனிப்பெருமை எய்துவது எங்ஙனம்? அவருடைய வரலாறு இக் கேள்விக்கு விடை கூறுகின்றது.

அவ்விடையை விளங்கிக்கொள்ள, முதலில் தவில் என்னும் கருவியின் இயல்பை அறிதல் வேண்டும். பலா மரத்தைக் குடைந்து செய்த உடல். இரு புறமும் தோல். இழுத்துக் கட்டிய வார். இதுவே தவில். வலப்பக்கத்தை வலந்தலை என்றும் இடப்பக்கத்தைத் தொப்பி என்றும் கூறுவர். வலந்தலையை விரல்களால் வாசிப்பர். அவ்விரல்களில், துணியைப் பசையிட்டுச் சுற்றி உலர்த்திச் செய்த கூடுகளை அணிந்துகொள்வர். தொப்பியைப் பூவரசங் கழி கொண்டு தட்டுவர். ஒரு கை விரலாலும் மற்றொரு கை கழியாலும் வாசிப்பதனால், இரண்டு கைகளுக்கும் இரண்டு வேறு பயிற்சிகள் வேண்டும். அவ்விரண்டும் ஒரே எண்ணத்துக்கு அடங்கி நடக்கவும் வேண்டும்.

மிருதங்கத்துக்கும் தவிலுக்கும் உள்ள ஒரு வேறுபாடு குறிப்பிடத் தக்கது. வாய்ப்பாட்டுக் கச்சேரியில் பாடகர் இராக ஆலாபனை செய்யும்போது மிருதங்கம் மௌனமாக இருக்கும். மேளக் கச்சேரியில் அவ்வாறன்று. நாதசுரக்காரர் ஒரு சங்கதியை வாசித்து மூச்சு வாங்கும் இடைவெளியில் தவில் எழுந்து முழங்கும். அவர் மீண்டும் தொடங்கும்போது அடங்கும். சுவாமி புறப்பாட்டின்போது வாசிக்கும் மல்லாரிக்கு வழி திறந்துவிடுவதும் தவிலே. ஆகவே தவில்காரர் தாளத்தை மட்டும் அறிந்தால் போதாது. இராகம் எங்கே செல்லுகின்றது, வாசிப்பவர் மனத்தில் என்ன உள்ளது, எந்த இடத்தில் இடம் விடுவார் என்பவற்றை எல்லாம் முன்கூட்டியே உணரும் ஆற்றல் அவருக்கு வேண்டும்.

இந்தக் கலையின் தாயகம் காவிரி பாயும் தஞ்சை நாடு. அங்கே கோயில்தோறும் இசை வேளாளர் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக இதனை வளர்த்தன. பாக்கு நீரிணைக்கு இப்பால் உள்ள யாழ்ப்பாணத்துக்கு அக்குடும்பங்கள் சில வந்து குடியேறின. இணுவில், அளவெட்டி, மாவிட்டபுரம், வண்ணார்பண்ணை முதலிய இடங்கள் மேளத்துக்குப் பேர்பெற்ற இடங்களாயின. செம்மண்ணிலே புகையிலையும் வெங்காயமும் பயிரிட்டு உழைத்த மக்கள், தம் கோயில் திருவிழாவுக்கு நல்ல மேளம் பிடிப்பதைத் தம் ஊரின் மானமாகக் கருதினர். ஒவ்வொரு நாட் திருவிழாவையும் ஒவ்வோர் உபயகாரர் ஏற்று நடத்துவதனால், நேற்றைய உபயகாரர் இரண்டு கூட்டம் மேளம் பிடித்தால் இன்றைய உபயகாரர் நான்கு கூட்டம் பிடிக்க விரும்புவார். இந்தப் போட்டியில் வீண் செலவும் இருந்தது. ஆனால் அதன் நிழலிலே கலையும் வளர்ந்தது. தமிழ்நாட்டுப் பெரு வித்துவான்களும் ஆண்டுதோறும் அழைக்கப்பட்டனர். தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னாருக்குக் கப்பலேறி, அங்கிருந்து புகைவண்டியில் வந்து சேர்வது அந்நாளைய வழி. 1964 டிசம்பரில் வீசிய பெரும் புயல் தனுஷ்கோடியை அழித்த பின்னர் அக்கப்பல் இராமேசுவரத்திலிருந்து புறப்பட்டது.

இரவு பத்து மணிக்குத் தொடங்கிய மேளம் விடியும்வரை நடைபெறும். கோயிலின் மேற்கு வீதியில் மணலிலே பாய் விரித்து ஊர் மக்கள் அமர்ந்திருப்பர். அவர்களுள் பலர் சங்கீத சாத்திரத்தை ஏட்டிற் படித்தவர் அல்லர். எனினும், ஆண்டுக்கு ஆண்டு கேட்டுக் கேட்டுப் பழகிய செவி உடையவர். தாளம் ஓர் அட்சரம் தவறினாலும் தெரிந்துகொள்வர். அத்தகைய சபையின் முன் வாசிக்கும் வித்துவான் ஏனோதானோ என்று வாசித்துவிட்டுப் போக இயலாது. தெட்சணாமூர்த்தி போன்ற ஒருவர் யாழ்ப்பாணத்தில் தோன்றியதற்கு இந்தச் சபையும் ஒரு காரணமாகும்.

அவர் பிறந்த ஊர் இணுவில். தந்தையார் விசுவலிங்கமும் தவில் வித்துவானே. அக்காலத்து இசைக் குடும்பங்களில் பிள்ளை நடக்கத் தொடங்கும்போதே கல்வியும் தொடங்கிவிடும். கருவியைத் தொடுவதற்கு முன் வாய் பழக வேண்டும். ‘தகதிமி’, ‘தகிட’ முதலிய சொற்கட்டுகளைத் தாளம் போட்டுக்கொண்டு மனனஞ் செய்யவேண்டும். பின்னர் மரப் பலகையிலே கழி பழக வேண்டும். விடியற் சாமத்தில் எழுந்து, கை சோரும்வரை ஒரே பாடத்தை விளம்ப காலம், மத்திம காலம், துரித காலம் என மூன்று காலத்திலும் சாதகம் செய்ய வேண்டும். தோலுக்கு முன் மரம், மரத்துக்கு முன் வாய் என்பதே அக்கல்வியின் முறை.

தந்தையாரிடம் பெற்ற பாடத்தோடு, வண்ணார்பண்ணையில் பேர்பெற்று விளங்கிய காமாட்சிசுந்தரம்பிள்ளை அவர்களிடமும் தெட்சணாமூர்த்தி பயின்றார். பின்னர் கடல் கடந்து சென்று, கும்பகோணத்துக்கு அருகேயுள்ள நாச்சியார்கோயிலில் வாழ்ந்த தவில் மேதை இராகவப்பிள்ளை அவர்களிடம் மாணவரானார். இராகவப்பிள்ளை தமிழ்நாட்டுத் தவில் உலகின் முன்னணியில் நின்றவர், கணக்கிலே வல்லவர். அவரிடம் பயின்ற மாணவர், காலம் செல்ல அவருக்குப் பக்கத்திலேயே அமர்ந்து இணைத் தவில் வாசிக்கும் தகுதியைப் பெற்றார். காவிரிக் கரையிலிருந்து ஒரு காலத்தில் யாழ்ப்பாணம் கடனாகப் பெற்ற கலை, இவ்வாறு வட்டியோடு காவிரிக் கரைக்கே திரும்பிச் சென்றது.

காருக்குறிச்சி அருணாசலம், ஷேக் சின்ன மௌலானா, நாமகிரிப்பேட்டை கிருஷ்ணன் முதலிய தமிழ்நாட்டு நாதசுர மேதைகளுக்கு அவர் தவில் வாசித்தார். இந்த மூவரும் மூன்று வேறு வழிகளில் வாசித்தவர்கள். அருணாசலம் திருவாவடுதுறை இராசரத்தினம்பிள்ளையின் சீடர். இராகத்தை அலையலையாக விரிப்பவர். மௌலானாவின் வாசிப்பில் கனிவும் நிதானமும் மிகுந்திருக்கும். கிருஷ்ணனின் வாசிப்பு இனிமையும் விரைவும் கலந்தது. இவர்களுக்கெல்லாம் ஒருவரே பொருத்தமாக வாசித்தார் என்றால், அவர் தம் திறமையை ஒவ்வொருவருடைய இயல்புக்கும் ஏற்றவாறு அளந்து கொடுக்கத் தெரிந்தவர் என்பது பெறப்படும். யாழ்ப்பாணத்திலோ, அளவெட்டி என். கே. பத்மநாதன் அவர்களுடைய நாதசுரமும் தெட்சணாமூர்த்தியின் தவிலும் சேர்ந்த கச்சேரிகள் ஊர் மக்கள் நெஞ்சில் நீங்கா இடம் பெற்றன. தெட்சணாமூர்த்தியும் இணுவிலை விட்டு அளவெட்டியையே தம் வாழிடமாகக் கொண்டிருந்தார்.

அவருடைய வாசிப்பின் சிறப்பு யாது? இன்று கிடைக்கும் ஒலிப்பதிவுகளைக் கேட்போர் முதலில் வியப்பது விரைவையே. ஆனால், விரைவு மட்டும் பெருமை ஆகாது. கை வேகமாக ஓடும்போது சொற்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் குழம்பிவிடுவது பலருக்கும் நேரும் குறை. தெட்சணாமூர்த்தியின் வாசிப்பில், துரித காலத்தின் உச்சியிலும் ஒவ்வொரு சொல்லும் கோத்த முத்துப்போலத் தனித்தனியே நின்று ஒலிக்கும். வலந்தலையில் விரல்கள் பொழியும்போது தொப்பியின் கழி அதற்கு ஈடுகொடுத்துப் பேசும். அடுத்தது கணக்கு. திசிரம், சதுசிரம், கண்டம், மிசிரம், சங்கீர்ணம் என்பன முறையே 3, 4, 5, 7, 9 என்ற எண்ணிக்கையில் அமைந்த ஐந்து நடைகள். ஒரு நடையிலிருந்து மற்றொரு நடைக்குத் தாவி, தாளம் நழுவியதோ என்று கேட்போர் திகைக்கும் வேளையில் சரியான இடத்தில் வந்து விழுவது தவிற் கலையின் பெரு வித்தை. கணக்கை மட்டும் கற்றவர் வாசித்தால் அது பள்ளிக்கூடத்து எண்சுவடிபோல இருக்கும். தெட்சணாமூர்த்தி வாசிக்கும்போதோ கணக்கு மறைந்து இசையே முன்னிற்கும்.

யாழ்ப்பாணத்தவர் பெரிதும் விரும்பிய நிகழ்ச்சி ‘தவிற் சமா’. இரண்டு தவில்கள், சில வேளைகளில் அதற்கு மேலும், எதிரெதிரே அமர்ந்து மாறிமாறி வாசிப்பதே அது. முதலில் நீண்ட ஆவர்த்தனங்களாக வாசிப்பர், பின் அளவைப் பாதியாகக் குறைப்பர், மேலும் குறைப்பர், ஈற்றில் எல்லோரும் ஒன்றுசேர்ந்து கோர்வை வைத்து முடிப்பர். போட்டிபோலத் தோன்றும் இந்நிகழ்ச்சி உண்மையிலே ஓர் உரையாடலாகும். ஒருவர் விடுத்த வினாவை மற்றவர் செவிமடுத்து, அதனை மதித்து, அதற்கு மேல் ஒரு சொல்லைச் சேர்த்து விடை கூறல் வேண்டும். எதிரே இருப்பவரைக் கேளாமல் தம் கையை மட்டும் நம்பியவர் சமாவில் நெடுநேரம் நிற்றல் அரிது.

இந்த இடத்திலேதான் முன்னர் எழுப்பிய கேள்விக்கு விடை கிடைக்கின்றது. பக்கவாத்தியம் என்பது தாழ்ந்த வாத்தியம் அன்று, கேட்கும் வாத்தியம். மேனாட்டுத் தற்கால இசைக் குழுக்களிலும், பாடகருக்குப் பின்னே நின்று தாழ்ந்த சுரத்தில் பேஸ் கித்தார் வாசிப்பவரின் நிலை இத்தகையதே. அவர் நிறுத்தினால்தான் அவர் இருந்தது தெரியும். தெட்சணாமூர்த்தி தவிலைத் தனிக் கச்சேரிக் கருவியாக மாற்ற முயன்றவர் அல்லர். நாதசுரத்தைத் தாங்கும் பணியை விடாமல், அந்தப் பணிக்குள்ளேயே எவ்வளவு அறிவும் அழகும் அடங்கும் என்பதைக் காட்டினார். அதன் பின்னரே ‘இன்றைக்குத் தவில் யார்?’ என்று கேட்டுக்கொண்டு மக்கள் கோயிலுக்கு நடந்தனர்.

இந்தப் புகழுக்கு மறுபுறம் ஒன்றும் உண்டு. மேளக்காரரின் தொழில் உடலை உருக்கும் தொழில். திருவிழாக் காலத்தில் இன்று ஓர் ஊர், நாளை வேறோர் ஊர் என்று இரவெல்லாம் விழித்திருத்தல் வேண்டும். ஊர்வலத்தின்போது பாரமான கருவியைத் தோளிலே தொங்கவிட்டு நின்றும் நடந்தும் வாசித்தல் வேண்டும். திருவிழா இல்லாத மாதங்களில் வருவாயும் குறையும். சமூகத்தில் அவர்களுக்கிருந்த இடமும் இரு வகையாக இருந்தது. மேடையிலே பொன்னாடையும் பொற்பதக்கமும் சூட்டி மகிழ்ந்த அதே சமூகம், பிறப்பை நோக்கி அவர்களை ஓரடி தள்ளியும் வைத்தது. தமிழ்நாட்டிலே இராசரத்தினம்பிள்ளை இத்தகைய நிலையை எதிர்த்து, தம் கலைக்குரிய மதிப்பை வற்புறுத்திப் பெற்றார் என்பது இசை வரலாறு அறிந்தோர்க்குத் தெரியும். தவில்காரருக்கோ அவ்வாறு வற்புறுத்தும் வாய்ப்பும் குறைவு. அவர்களுடைய கைகளே அவர்களுக்காக வாதாட வேண்டியிருந்தது.

1975ஆம் ஆண்டு, வயது நாற்பதைத் தாண்டிய சிறிது காலத்திலே, தெட்சணாமூர்த்தி மறைந்தார். ஒரு புலவர் மறைந்தால் அவருடைய பாடல்கள் ஏட்டிலே நிற்கும். ஓர் ஓவியர் மறைந்தால் அவர் வரைந்த படங்கள் சுவரிலே நிற்கும். தவில் வித்துவான் மறைந்தால் எஞ்சுவது யாது? அவர் வாசித்த கோர்வைகள் காற்றிலே எழுந்து காற்றிலே கரைந்தவை. அக்காலத்து இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் ஏறக்குறைய மூன்று நிமிட இசையே அடங்கும். கோயில் வீதியில் அரை மணி நேரமும் அதற்கு மேலும் வளர்ந்து செல்லும் தனி ஆவர்த்தனத்துக்கு அந்த மூன்று நிமிடத்தில் இடம் ஏது?

இடம் தேடிக் கொடுத்தவர்கள் இரசிகர்களே. நாடாவில் ஒலிப்பதிவு செய்யும் கருவிகள் ஊருக்குள் வந்தபோது, கோயில்களிலும் கலியாண வீடுகளிலும் நடந்த கச்சேரிகளைப் பதிவு செய்து வைத்தவர்கள் இருந்தனர். அப்பதிவுகளில் பக்கத்திலிருந்தோர் பேசும் ஒலியும், ஒலிபெருக்கியின் இரைச்சலும், தேங்காய் உடைக்கும் ஓசையும் கலந்து வரலாம். ஆயினும் பெரும் நிறுவனங்கள் செய்யாது விட்ட வேலையை இத்தகைய எளிய கைகள் செய்து வைத்தன. வானொலி நிலையங்களும் காலை ஒலிபரப்பை மங்கல இசையோடு தொடங்கும் வழக்கத்தால், நாதசுரத்தையும் தவிலையும் கோயிலுக்கு வர இயலாதவர் வீட்டுக்குள்ளும் கொண்டு சேர்த்தன.

பின்னர் வந்த ஆண்டுகள் யாழ்ப்பாணத்துக்குக் கொடிய ஆண்டுகளாயின. 1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிக்கப்பட்டது. 1983இன் பின்னர் போர் மூண்டது. 1990ஐ அடுத்த காலத்தில் மாவிட்டபுரம் உள்ளிட்ட வலிகாமம் வடக்கின் பெரும் பகுதி மக்கள் செல்ல இயலாத பாதுகாப்பு வலயமாகியது. 1995 அக்டோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் ஏறக்குறைய முழுவதும் ஓரிரவில் ஊரைவிட்டுப் பெயர்ந்தனர். அந்த இரவில் பெட்டகங்களில் இருந்த எத்தனை ஒலிநாடாக்கள் கைவிடப்பட்டனவோ! மேளம் முழங்கிய வீதிகள் பல ஆண்டுகள் புல்மூடிக் கிடந்தன.

எனினும் கலை அழிந்துவிடவில்லை. இடம்பெயர்ந்த மக்கள் இலண்டனிலும் பாரிசிலும் தொறன்ரோவிலும் கோயில்களை எழுப்பினர். கோயில் எழுந்த இடத்துக்கு மேளமும் சென்றது. பனி பெய்யும் நாடுகளில் தேர் இழுக்கும் நாளில் யாழ்ப்பாணத்துத் தவில் முழங்குகின்றது. நாடாவிலிருந்த பழைய பதிவுகள் இறுவட்டுக்கும் இணையத்துக்கும் மாற்றப்பட்டன. தெட்சணாமூர்த்தியை நேரிற் காணாத இளைஞர்கள் அவற்றைத் திரும்பத் திரும்பக் கேட்டு, அவர் வைத்த கோர்வைகளை எழுத்தெழுத்தாகப் பிரித்துப் பாடமாக்குகின்றனர். தமிழ்நாட்டுத் திரைப்பட இயக்குநர் அம்ஷன் குமார் அவரைப் பற்றி ஓர் ஆவணப் படம் எடுத்தார். அப்படம், 2015ஆம் ஆண்டுப் படங்களுக்கான இந்திய தேசிய விருதுகளில், கலை பண்பாட்டுப் பிரிவில் பரிசு பெற்றது. ஈழத்துத் தவில் வித்துவான் ஒருவரின் வாழ்வு இந்திய நாட்டின் விருதுக்குரிய பொருளாயிற்று என்பது, அந்தக் கலைக்குக் கடலும் எல்லையும் தடையல்ல என்பதை எடுத்துக் காட்டுகின்றது.

தெட்சணாமூர்த்தியைப் போற்றுவோர் அவரை ஓர் அதிசயம் என்று கூறி அமைந்துவிடுவது உண்டு. அதிசயம் என்று சொல்லிவிட்டால் அதற்குக் காரணம் தேட வேண்டியதில்லை. ஆனால் காரணங்கள் கண்ணெதிரே உள்ளன. பிள்ளையை விடியற் சாமத்தில் எழுப்பிய தந்தை. தாம் கற்றதை மறைக்காது கொடுத்த ஆசிரியர்கள். வாசிக்க இடம் விட்ட நாதசுர வித்துவான்கள். மணலிலே இரவு முழுவதும் உட்கார்ந்து, நல்லதற்கு ஆரவாரித்தும் பிழைக்கு மௌனம் காத்தும் இருந்த ஊர் மக்கள். இத்தனை பேரும் சேர்ந்து அமைத்த மேடையிலேதான் அந்த மேதை அமர்ந்திருந்தார். இவற்றுள் ஒன்று குறைந்தாலும் அடுத்த தெட்சணாமூர்த்தி தோன்றுவது அரிதாகும்.

இன்றும் ஆவணி மாதத்து நல்லூர்த் திருவிழாவிலும் குடாநாட்டின் சிறிய கோயில்களிலும் மேளம் முழங்குகின்றது. நாதசுரம் ஒரு சங்கதியை முடித்து ஓய்கின்றது. அந்தச் சிறு இடைவெளியிலே தவில் எழுகின்றது. அந்த ஒலியை இரைச்சலென்று ஒதுக்காமல், அதற்குள் ஒரு சொல் இருக்கின்றது என்று காது கொடுத்துக் கேட்பவர் எவரோ, அவரே அந்தக் கலைஞருக்கு உரிய மரியாதையைச் செய்தவராவர்.